காதுகுத்துக் கேசட்டு

சாமி,

இதைப் போனில் சொல்லிவிட மூன்று முறை பார்த்தேன். மூன்று முறையும் நீ "சாப்டீங்களாப்பா" என்று கேட்டாய், நான் "ஆச்சு சாமி" என்று சொல்லி வைத்துவிட்டேன். அதனால்தான் எழுதுகிறேன். ஓசூரில் உன் அறையில் தனியாக இருக்கும்போது படி. கூட வேலை செய்கிறவர்கள் பக்கத்தில் இருந்தால் மடித்துப் பைக்குள் வைத்துக்கொள். உன் கல்யாணத்துக்கு இன்னும் ஒன்றரை மாதம் இருக்கிறது. மண்டபத்தில் பெரிய திரை கட்டி, அதில் உங்கம்மா பேசுவதைக் காட்ட வேண்டும் என்று நீ ஆசைப்பட்டாய். உன் காதுகுத்துக்கு எடுத்த வீடியோ கேசட்டை எடுத்துத் தரச் சொன்னாய். அதில் பூஞ்சை பிடித்துவிட்டது என்று நான் சொன்னேன். அது பொய். அந்தக் கேசட்டில் ஒரு பொட்டுப் பூஞ்சை கிடையாது. மாடியில் இருக்கிற கேசட்டுகளிலேயே சுத்தமாக இருப்பது அதுதான். அதில் உங்கம்மாதான் இல்லை. அவளை நான் அழித்துவிட்டேன். கை தவறி அழியவில்லை, தெரிந்தேதான் செய்தேன்.

முழுவதும் படித்துவிட்டுக் கோபப்படு. பாதியில் போன் போட்டால் நான் மறுபடியும் ஏதாவது சொல்லி மழுப்பிவிடுவேன். என் வாயை எனக்குத் தெரியும்.

அந்த நடிகரின் பெயரை இதில் எழுதப்போவதில்லை. நம் வீட்டில் அந்தப் பெயரைச் சொன்னது போதும். நீ பிறப்பதற்கு முன்பே, ஜலகண்டாபுரத்தில் நான் கேபிள் நடத்த ஆரம்பித்த புதிதில், அவர் ஒரு தொடரில் மூன்று பெண்களைப் பெற்ற குமாஸ்தாவாக வந்தார். சினிமா அவரைச் சீண்டவில்லை. டிவியில்தான் அப்பா, வாத்தியார், வீட்டுக்காரர் என்று ஏதாவது ஒரு ஓரத்தில் நின்றுகொண்டிருப்பார். நம் வீதியில் தறி ஓட்டுகிறவர்கள் அத்தனை பேருக்கும் அவர் முகம் தெரியும், பெயர் தெரியாது. எனக்கு அது பொறுக்கவில்லை. பெரிய பெண் வாழாமல் திரும்பி வந்து நிற்கிற காட்சியில், அவர் ஒன்றும் பேசாமல் தன் தட்டில் இருந்த சோற்றில் பாதியை அவளுக்கு ஒதுக்கி வைப்பார். அவ்வளவுதான் நடிப்பு. என் அப்பன் எங்களிடம் பேசியதெல்லாம் கையால்தான், உனக்குத் தெரியும். இருந்தால் இந்த மாதிரி ஒரு அப்பனாக இருக்க வேண்டும் என்று அன்றைக்கு நினைத்தேன். நினைத்துவிட்டு, வருசக்கணக்கில் அவரையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். நடுவில் நீ வந்து "அப்பா" என்று முழங்காலைப் பிடித்தால் "உஸ்" என்று சொல்லியிருக்கிறேன். நல்ல அப்பனாக இருப்பது எப்படி என்று கற்றுக்கொண்டிருந்தேனாம். வெட்கக்கேடு.

அவர் வந்த ஒவ்வொரு தொடரையும் பதிந்தேன். கேசட்டுக்கு நம்பர் போட்டு, நோட்டில் தொடரின் பெயர், எந்தக் காட்சியில் வருகிறார், என்ன பேசுகிறார், எல்லாம் எழுதி வைத்தேன். மழைக்காலத்தில் பூஞ்சை பிடித்தால் கேசட்டைப் பிரித்து, ஸ்பிரிட்டில் நனைத்த துணியால் டேப்பைக் கையால் சுற்றிச் சுற்றித் துடைத்தேன். அதனால்தான் நான் பூஞ்சை என்று சொன்னபோது நீ கொஞ்சம்கூடக் கவலைப்படவில்லை. "பூஞ்சைன்னா தொடச்சுப் போடலாமுங்களேப்பா, எத்தன கேசட்ட நீங்களே தொடச்சு எடுத்திருக்கீங்க" என்றாய். என் திறமையில் உனக்கு அவ்வளவு நம்பிக்கை. "பாக்கறேன் சாமி" என்றேன். பார்ப்பதற்கு அதில் என்ன இருக்கிறது?

போன வருசம் அவர் செத்துப்போனார். செய்தியில் ஒரு நிமிசம் சொன்னார்கள், அதிலும் வேறு யாரோ ஒருவர் படத்தைப் போட்டார்கள். சேலத்தில் என்னைப் போல நாலு பைத்தியங்கள் சேர்ந்து, அவர் முதல் நினைவு நாளை ஒட்டிப் போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை அஞ்சலிக் கூட்டம் வைத்தோம். நீயும் லீவு போட்டுவிட்டு வந்தாய். சென்னையில் இருந்து அவர் மகள் வந்திருந்தார். அவர்கள் வீட்டில் அப்பா நடித்த ஒரு காட்சிகூட இல்லை. தயாரித்தவர்கள் பழைய டேப்பின் மேலேயே அடுத்த தொடரை எடுத்துவிட்டார்களாம். இருபது வருசத்துக்கு மேலாகச் சேர்த்ததை எல்லாம் கம்ப்யூட்டரில் மாற்றி, கையடக்கமான ஒரு ஹார்டு டிஸ்க்கில் ஏற்றி அந்தம்மா கையில் கொடுத்தேன். மைக்கைக் கொடுத்தார்கள். நான் என்ன பேசினேன் என்று உனக்கு நினைவிருக்கும். "ஒரு மனுசனோட உழைப்ப அழிச்சுட்டு அதுமேலயே இன்னொண்ணப் பதியறவன் மனுசனே இல்லீங்க" என்றேன். கூட்டத்தில் முதலில் எழுந்து கை தட்டியது நீ. பக்கத்தில் இருந்தவரிடம் "எங்கப்பாங்க" என்று நீ சொன்னது மேடைக்குக் கேட்டது. அந்த ஒரு நிமிசம் எனக்கு மேடையை விட்டு இறங்கி ஓடிவிடலாம் போல இருந்தது. ஓடவில்லை, பொன்னாடை போட்டார்கள், வாங்கிக்கொண்டேன்.

அந்தம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு, "அப்பா குரல் எனக்கு மறந்துட்டே வருதேன்னு பயந்துட்டு இருந்தேன் சார். திருப்பிக் குடுத்துட்டீங்க" என்று அழுதபோது நீ பக்கத்தில் நின்றாய். திரும்பி வரும்போது பஸ்ஸில் ஓமலூர் தாண்டிய பிறகு நீ கேட்டாய். "அப்பா, எனக்கும் அம்மா குரல் மறந்து போச்சுங்க. மொகம் வருது, பேசறது வர மாட்டீங்குது. அந்தக் காதுகுத்துக் கேசட்டுல பேசுவாங்கல்ல?" நீ கேட்டதில் ஒரு தப்பும் இல்லை. ஊரான் வீட்டுப் பெண்ணுக்கு அவள் அப்பன் குரலைப் பத்திரமாக வைத்திருந்த அப்பன், உன் அம்மா குரலையும் வைத்திருப்பான் என்று யாராக இருந்தாலும் நினைப்பார்கள். நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டு, தேடிப் பார்க்கிறேன் என்றேன். அடுத்த வாரம் பூஞ்சை என்றேன்.

இனி நடந்ததைச் சொல்கிறேன். உனக்குக் காது குத்தியபோது ஐந்து வயது. மேச்சேரியில் இருந்த என் கூட்டாளி ஒருவர்தான் வீடியோ எடுத்தார். எங்கள் கல்யாணக் கேசட்டில் முதலில் இருந்து கடைசி வரை சினிமாப் பாட்டைப் போட்டு நிரப்பியிருந்தார். அதில் உங்கம்மா வாய் அசைவது தெரியும், ஒரு சொல் கேட்காது. அதனால் காதுகுத்துக்கு "பாட்டெல்லாம் போட வேண்டாம், அப்படியே குடு" என்று வாங்கினேன். அவள் குரல் இருந்த கேசட்டு உலகத்திலேயே அது ஒன்றுதான். அடுத்த வருசம், அந்தக் குமாஸ்தா தொடருக்குப் பிறகு அவர் நடித்ததிலேயே நல்ல தொடர் ஒன்று முடிகிற நாள் வந்தது. கடைசி எபிசோடு ஒரு மணி நேரம். புதுக் கேசட்டு வாங்கித் தயாராக வைத்திருந்தேன். தொடங்க ஐந்து நிமிசம் இருக்கும்போது வீடியோ டெக் அந்தப் புதுக் கேசட்டின் டேப்பை உள்ளே இழுத்துக் கசக்கிவிட்டது. வேறு புதுசு வீட்டில் இல்லை. அலமாரியில் இருந்தது எல்லாம் அவருடையது, அதில் கை வைக்க எனக்கு மனசு வரவில்லை. மீதி இரண்டு கேசட்டு. ஒன்று கல்யாணம், ஒன்று காதுகுத்து.

கல்யாணக் கேசட்டை எடுத்தால் உங்கம்மா வீட்டார் என்றைக்காவது கேட்பார்கள் என்று தோன்றியது. காதுகுத்தை யார் கேட்கப்போகிறார்கள் என்று நினைத்தேன். நான் நினைத்ததை அப்படியே எழுதுகிறேன், கூட்டவும் இல்லை, குறைக்கவும் இல்லை. கேசட்டின் முதுகில் ஒரு சின்னப் பிளாஸ்டிக் துண்டு இருக்கும். அதை உடைத்துவிட்டால் அதன் மேல் வேறு எதையும் பதிய முடியாது. என் கூட்டாளி அதை உடைத்துத்தான் கொடுத்திருந்தார். யாரும் தெரியாமல் அழித்துவிடக் கூடாது என்பதற்கான ஏற்பாடு அது. அந்த ஓட்டையின் மேல் செல்லோடேப்பை ஒட்டினால் டெக் ஏமாந்துபோய்ப் பதியும். நான் செல்லோடேப்பைத் தேடி எடுத்து, பல்லால் கடித்து, ஒட்டினேன். ஒட்டுவதற்கு அரை நிமிசம் ஆகியிருக்கும். வேண்டாம் என்று விட அரை நிமிசம் போதும். முதலில் பந்தலும் சமையலும்தான் இருக்கும், பத்து நிமிசத்துக்குள் நிறுத்திவிட்டு வேறு ஏதாவது செய்யலாம் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். பத்தாவது நிமிசத்தில் அவர் பேச ஆரம்பித்தார். நடுவில் நிறுத்தினால் காட்சி இரண்டு துண்டாகிவிடும் என்று விட்டுவிட்டேன்.

அந்த ஒரு மணி நேரமும் உங்கம்மா பக்கத்து அறையில் உனக்குக் கதை சொல்லிச் சோறு ஊட்டிக்கொண்டிருந்தாள். நீ வாயில் வைத்துக்கொண்டு முழுங்க மாட்டேன் என்று சிரிக்கிறாய், அவள் மிரட்டுகிறாள், அவளும் சிரிக்கிறாள். "கொஞ்சம் சத்தமில்லாம இருக்க மாட்டீங்களா ரெண்டு பேரும்" என்று கத்தினேன். சத்தம் நின்றுவிட்டது. வயர் வழியாகப் பதிகிறதால் அறையில் பேசுவது கேசட்டில் ஏறாது. அவள் எவ்வளவு பேசினாலும் என் பதிவுக்கு ஒரு கெடுதலும் வந்திருக்காது. அது கேபிள்காரனான எனக்குத் தெரியாதா? தெரிந்தும் கத்தினேன்.

அவளுக்கு எப்போது தெரிந்தது என்று நீ கேட்பாய். நாலு மாதம் கழித்து உன் தாய்மாமன் வந்திருந்தார். அவர் மடியில் வைத்துத்தான் உனக்குக் காது குத்தியது. தன்னை டிவியில் பார்க்க வேண்டும் என்று அவருக்கு ஆசை. "டெக்குல படம் ஓட்டற ஹெட்டு அழுக்கா இருக்குது, இன்னொரு நாளைக்குப் பாத்துக்கலாம்" என்றேன். "நேத்து ராத்திரிகூட ஓடுச்சுங்களே" என்று உங்கம்மாவே எழுந்து போய்ப் போட்டாள். அவர் வந்தார், அந்த நடிகர். மாமன் என்னைப் பார்த்து, "ஏனுங் மாப்ள, நாடகமில்ல ஓடுது?" என்றார். உங்கம்மா கேசட்டை வெளியே எடுத்துத் திருப்பி, முதுகில் ஒட்டியிருந்த செல்லோடேப்பை விரலால் தடவிப் பார்த்தாள். "கேசட்டு மாறிப்போச்சுங்கண்ணா, தேடி வெக்கறேன்" என்று அண்ணனிடம் சொல்லிவிட்டு டீ போடப் போனாள். என்னை அவள் காட்டிக்கொடுக்கவில்லை.

மாமன் போன பிறகு அடுப்படி வாசலில் போய் நின்றேன். திட்டுவாள் என்று தயாராக இருந்தேன். திட்டினால் திருப்பித் திட்டலாம், அதில் ஒரு வசதி உண்டு. அவள் பாத்திரத்தைக் கழுவிக்கொண்டே சொன்னாள்: "உடுங்க. நான் என்ன, எங்கயாச்சும் போயரப் போறனா? இங்கயேதான இருக்கறேன். அவரு நாடகம் இனி வராதில்ல." கடைசிப் பாத்திரத்தைக் கவிழ்த்து வைத்துவிட்டு, "பையன் பெருசாயிக் கேட்டான்னா மட்டும் பொய் சொல்லாதீங்க. நீங்களே சொல்லிப்போடுங்க" என்றாள். அவள் என்னிடம் கேட்டுக்கொண்டது அது ஒன்றுதான். அதையும் போன மாதம் பூஞ்சை என்று சொல்லித் தீர்த்துவிட்டேன்.

உனக்கு எட்டு வயதில் அவளுக்கு மஞ்சள் காமாலை வந்தது. ஒன்பது நாள். கடைசி மூன்று நாள் குரல் தேய்ந்து, காதை வாய்ப் பக்கம் கொண்டுபோனால்தான் கேட்டது. அப்போதும் எனக்கு உறைக்கவில்லை. கேமரா வைத்திருந்த கூட்டாளி அரை மணி நேரத்தில் வந்திருப்பார். ஒரு வார்த்தை பதிந்து வைக்கலாம் என்று, அந்த நடிகர் தும்மினாலும் பதிந்து வைத்த எனக்குத் தோன்றவில்லை. அவள் போன பிறகு உன்னை நாமக்கல் பக்கம் ஹாஸ்டல் பள்ளியில் சேர்த்தேன். நல்ல படிப்பு என்று எல்லோரிடமும் சொன்னேன். படிப்பு நல்ல படிப்புதான். ஆனால் உன் கட்டில் இருந்த மாடி அறையில் அடுத்த மாதமே ரேக் அடித்து அவர் கேசட்டுகளை ஏற்றினேன். ஞாயிற்றுக்கிழமை பெற்றோர் பார்க்க வரும் நாளில் மற்றப் பிள்ளைகள் மரத்தடியில் உட்கார்ந்து வீட்டுச் சோறு சாப்பிடும்போது, நீ இரண்டு முறை வாசல் கேட்டுக்குப் பக்கத்தில் நின்று பார்த்துவிட்டு மெஸ்ஸுக்கே திரும்பிப் போனதாக உன் வார்டன் சொன்னார். அந்த இரண்டு ஞாயிறும் நான் எங்கே இருந்தேன் என்று நீ கேட்டதே இல்லை. ஒன்று, ஈரோட்டுப் பக்கம் அவர் படப்பிடிப்புக்கு வந்திருந்தார், கயிற்றுக்கு வெளியே நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். இன்னொன்று மறந்துவிட்டது. அதுவும் அவருக்காகத்தான் இருந்திருக்கும்.

பொய் சொன்ன பிறகு சும்மா இருக்கவில்லை. மேச்சேரிக்குப் போனேன். கூட்டாளியிடம் முதலில் எடுத்த மூலக் கேசட்டு இருந்தால் உன் முகத்தில் விழிக்கலாம் என்று ஒரு நப்பாசை. அவருக்கு இப்போது ஒரு கண் சரியில்லை. "அதெல்லாம் எங்கீங்க வெக்கறது? அடுத்த முகூர்த்தத்துக்கே அதுமேல வேற ஊட்டுக் கல்யாணத்த எடுத்துருப்பேன்" என்று சாதாரணமாகச் சொன்னார். எனக்கு வந்த கோபத்தில் அவர் சட்டையைப் பிடித்திருப்பேன். பிடிக்க எனக்கு என்ன யோக்கியதை இருக்கிறது? அவர் கொடுத்த மோரைக் குடித்துவிட்டு வந்தேன். சேலத்தில் பழைய கேசட்டுகளைக் கம்ப்யூட்டருக்கு மாற்றிக் கொடுக்கிற ஒருவரிடமும் காட்டினேன். "மேல பதிஞ்சா கீழ இருக்கறது போனது போனதுதானுங்க. உங்களுக்குத் தெரியாததுங்களா" என்றார். அந்த ஒரு மணி நேரத்துக்கு அப்புறம் கேசட்டில் பழையது கொஞ்சம் மிச்சம் இருக்கிறது. பந்தி மட்டும். இலையும் சோறும், யார் யாரோ சாப்பிடுவதும் ஓடுகிறது. உங்கம்மா கடைசிப் பந்தியில்தான் உட்கார்ந்தாள். அதற்குள் கேமராவை மூடிவிட்டார்கள்.

போன வாரம் அந்த நடிகரின் மகள் போன் செய்தார். நான் கொடுத்ததில் ஒரு கடைசி எபிசோடு இருக்கிறதாம், அதைத் தினமும் காலையில் போட்டுப் பார்த்துவிட்டுத்தான் வேலைக்குக் கிளம்புகிறாராம். எந்த எபிசோடு என்று நான் கேட்கவில்லை, அவரே சொன்னார். அதுதான். "உங்களுக்கு நான் என்ன கைம்மாறு செய்யப்போறேன் சார்" என்றார். நன்றாக இருங்கள் அம்மா என்று சொல்லி வைத்துவிட்டேன். அந்தப் பெண் மேல் எனக்குப் பொறாமையா, எரிச்சலா என்று தெரியவில்லை. அவர் மேல் ஒரு தப்பும் இல்லை.

இனி நான் அந்த ரேக்கைக் கொளுத்திவிடுவேன் என்று எதிர்பார்க்காதே. முடியாது. நேற்றுகூட மழை ஈரம் பட்டிருக்குமோ என்று மாடிக்குப் போய்ப் பார்த்துவிட்டு வந்தேன். என் புத்தி அவ்வளவுதான். உனக்குப் புத்தி சொல்லும் யோக்கியதை எனக்கு இல்லை, ஆனாலும் அப்பனாகப் போய்விட்டதால் ஒன்று சொல்கிறேன். நீ கட்டிக்கொள்ளப்போகிற பரமத்தி வேலூர்ப் பெண் கலகலவென்று பேசுகிறவள். நிச்சயத்தன்று பார்த்தேன், அவர்கள் வெற்றிலைத் தோட்டத்தைப் பற்றி உன்னிடம் என்னமோ சொல்லிக்கொண்டே இருந்தாள், நீ கையில் இருந்த போனைப் பார்த்துக்கொண்டே "ம்" கொட்டினாய். அவள் பேசும்போது அதைக் கீழே வை. அவள் இங்கேயேதான் இருக்கப்போகிறாள் என்று மட்டும் நினைத்துவிடாதே.

மண்டபத்துத் திரைக்கு என்ன செய்வது என்று நீயே முடிவு செய்துகொள். கல்யாணக் கேசட்டு வேண்டுமானால் மாற்றி அனுப்புகிறேன், பாட்டுச் சத்தத்தோடுதான் இருக்கும். மேடையில் நான் நிற்க வேண்டாம் என்று உனக்குத் தோன்றினால் பந்தியில் இலை போட்டுக்கொண்டிருப்பேன், யாரும் வித்தியாசமாக நினைக்காதபடி பார்த்துக்கொள்கிறேன். வரவே வேண்டாம் என்றாலும் சரி. ஆனால் அதை நீயே என்னிடம் சொல், மாமனை விட்டுச் சொல்லாதே.

கேசட்டில் அவள் பேசியதை என் ஞாபகத்தில் இருந்து எழுதியாவது உனக்கு அனுப்பலாம் என்று மூன்று நாளாக நோட்டை வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். ஆசாரி ஒரு காதைக் குத்தி ஊசியை எடுத்ததும் நீ வீறிட்டு அழுகிறாய். உங்கம்மா மாமன் மடியில் இருந்து உன்னை வாரி எடுத்து, உன் முகத்துப் பக்கம் குனிந்து ஏதோ சொல்கிறாள். நீ சட்டென்று அழுகையை விட்டுவிட்டுச் சிரிக்கிறாய். கேசட்டில் அது தெளிவாகக் கேட்கும், நான் இரண்டு முறை போட்டுப் பார்த்திருக்கிறேன். அவள் நின்ற இடம், கட்டியிருந்த பச்சைச் சேலை, உன் காதில் இருந்த ரத்தப் பொட்டு, எல்லாம் வருகிறது. என்ன சொன்னாள் என்பது வரவில்லை. அந்த நடிகர் கடைசி எபிசோடில் பேசியதை முதலில் இருந்து முடிவு வரை, மூச்சு விடுகிற இடம் முதற்கொண்டு இப்போதும் ஒப்பிப்பேன். உங்கம்மா உன்னிடம் சொன்னதில் ஒரு சொல் என்னிடம் இல்லை. உனக்கு அப்போது ஐந்து வயது, உனக்கு நினைவிருக்கலாம். இருந்தால் உன் பெண்டாட்டியிடம் சொல். என்னிடம் சொல்லாதே.

அப்பா